செங்கல் வைக்குமுன் கேளுங்கள்!

பக்கத்து மனையில் கட்டிடம் எழும்புகிறது. முதலில் ஒரு மாடி, பிறகு இரண்டு. மழைக்காலம் போய் வெயில் காலம் வருவதற்குள் ஐந்தாம் மாடிக்குக் கம்பி கட்டுகிறார்கள். நம் வீட்டுச் சுவருக்கும் அந்தச் சுவருக்கும் இடையே ஓர் ஆள் உடம்பை ஒடுக்கிக்கொண்டு நுழையத்தான் இடம் இருக்கிறது. காற்று போயிற்று. வெளிச்சம் போயிற்று. தெருக் குழாயில் வந்துகொண்டிருந்த தண்ணீரும் பாதியாயிற்று.

தெருவில் குடியிருக்கும் தொழிலாளி ஒருவர், ஒரு நாள் கூலியை இழந்து, நகராட்சி அலுவலகத்துக்குப் போகிறார். "அந்தக் கட்டிடத்துக்கு அனுமதி இருக்கிறதா?" என்று கேட்கிறார். "இருக்கிறது" என்று பதில் வருகிறது. "எத்தனை மாடிக்கு?" என்று கேட்கிறார். "அதையெல்லாம் உமக்குச் சொல்ல வேண்டியதில்லை. குறை இருந்தால் கோர்ட்டுக்குப் போம்!" என்கிறார்கள்.

இது ஏதோ ஓர் ஊரில் என்றோ ஒரு நாள் நடக்கும் நிகழ்ச்சியல்ல. நம் தோழர்கள் எந்த வட்டத்தில் பணியாற்றினாலும் அவர்கள் காதில் அடிக்கடி விழும் கதைதான். கோர்ட்டுக்குப் போ என்பது வழிகாட்டும் சொல்லாகவா சொல்லப்படுகிறது? வாயை அடைக்கும் சொல்லாகச் சொல்லப்படுகிறது. வக்கீல் கட்டணம், வாய்தா, வேலை இழப்பு ஆகியவற்றை நினைத்ததுமே ஏழை திரும்பிப் போய்விடுவான் என்ற தைரியத்தில் சொல்லப்படுகிறது.

ஆகவேதான், கட்டிட அனுமதி பற்றிய வழக்குகளை வக்கீல்களுக்கு மட்டுமே உரிய பொருள் என்று ஒதுக்கிவிடாமல், உழைக்கும் மக்களின் பொருளாக எடுத்துப் பேச விரும்புகிறோம்.

உடுப்பி காட்டிய வழி

"உனக்கென்ன உரிமை?" என்பதுதான் முதல் கேள்வி. மனை ஒருவருடையது, பணம் அவருடையது, அனுமதி தந்தது நகராட்சி. நடுவே அண்டை வீட்டுக்காரன் யார், கேட்பதற்கு?

இந்தக் கேள்விக்கு 1974-ம் ஆண்டிலேயே உச்சநீதிமன்றம் விடை சொல்லிவிட்டது. கர்நாடகத்திலுள்ள உடுப்பி நகரைப் பற்றிய வழக்கு அது. நகரமைப்புத் திட்டத்தில் குடியிருப்புக்கென்று ஒதுக்கப்பட்ட பகுதி. அங்கே திருமண மண்டபமும் சொற்பொழிவுக் கூடமும் கட்ட ஒருவர் அனுமதி பெற்றார். பிறகு வரைபடத்தை மாற்றி, அதையே சினிமாக் கொட்டகையாக்க அனுமதி கேட்டார். நகராட்சி தீர்மானம் போட்டு அனுமதியும் கொடுத்துவிட்டது. அந்த வட்டாரத்தில் குடியிருந்த ஒருவர் நீதிமன்றம் சென்றார்.

உயர்நீதிமன்றம் என்ன சொல்லிற்று? நகராட்சி செய்தது திட்டத்துக்கு விரோதம்தான் என்றது. ஆனால் கட்டுகிறவர் பணம் செலவழித்திருப்பார். ஆகையால் நாங்கள் தலையிடவில்லை என்றது.

வாசகர்கள் இந்த வாதத்தை நன்றாகக் கவனிக்க வேண்டும். "பணம் போட்டாயிற்றே, இனி என்ன செய்வது?" என்கிற இந்த வாதத்தை இன்றும் ஊர்தோறும் கேட்கிறோம். விதியை மீறியவன் எவ்வளவு வேகமாக மீறுகிறானோ, அவ்வளவு பத்திரமாகிவிடுகிறான் என்பதுதான் இதன் பொருள்!

உச்சநீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்கவில்லை. நகரமைப்புத் திட்டம் மக்களின் நன்மைக்காகப் போடப்பட்டது. அதை நிறைவேற்றுவது நகராட்சியின் கடமை. அந்தக் கடமை ஒழுங்காக நடப்பதில் அங்கு குடியிருக்கும் ஒவ்வொருவருக்கும் சொந்த அக்கறை உண்டு. சட்டம் கொடுக்காத அதிகாரத்தை எடுத்துக்கொண்டு வழங்கிய அனுமதி, பணம் செலவாகிவிட்டது என்பதனால் நியாயமாகிவிடாது. இந்தக் கருத்தில் தீர்ப்பளித்து, கொட்டகைக்குக் கொடுத்த அனுமதியை ரத்துச் செய்தது.

அரை நூற்றாண்டு கடந்துவிட்டது. இத்தீர்ப்பை மாநகராட்சி அலுவலகத்துச் சுவரில் எழுதி வைத்திருக்க வேண்டும். எழுதி வைக்கவில்லை என்பதால்தான் நாம் இங்கே எழுதுகிறோம். அந்த வட்டாரத்தில் வசிக்கிறவன் என்பதே கேட்பதற்குப் போதுமான தகுதி. "உனக்கென்ன உரிமை?" என்று எவர் கேட்டாலும், தோழர்கள் தயங்காமல் உடுப்பியைச் சொல்லலாம்.

மன்றத்தின் உரிமைக்கு இது இடைஞ்சலா?

நம் தோழர்களில் சிலர் வேறொரு சந்தேகம் எழுப்புவார்கள். அது நேர்மையான சந்தேகம்; ஆகவே பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம்.

"உள்ளாட்சிக்கு அதிகாரம் வேண்டும் என்று மேடைதோறும் முழங்குகிறோம். மக்கள் ஓட்டுப் போட்டு அனுப்பிய மன்றம் எடுத்த முடிவை, ஓட்டு வாங்காத நீதிபதி புரட்டிப் போடலாமா?" என்று அவர்கள் கேட்கிறார்கள்.

உள்ளாட்சிக்கு அதிகாரம் வேண்டும். அதில் நமக்கு இரண்டாவது கருத்து இல்லை. 1993 ஜூன் 1-ம் தேதி நடைமுறைக்கு வந்த 74-வது அரசியல் சட்டத் திருத்தம், நகராட்சிகளுக்கு உரியவையாகக் கருதத்தக்க 18 துறைகளைப் பட்டியல் போட்டது. அந்தப் பட்டியலின் முதல் இரண்டு இடங்களில் இருப்பவை எவை? நகரமைப்பும், நிலப் பயன்பாடும் கட்டிடங்களும்தான்! கட்டிடத்தை ஒழுங்கு செய்வது உள்ளாட்சியின் தலையாய வேலை என்று அரசியல் சட்டமே கருதுகிறது.

ஆனால் நடப்பது என்ன? பெரிய கட்டிடங்களுக்குத் திட்ட அனுமதி தருவது சென்னை வட்டாரத்தில் சி.எம்.டி.ஏ.; மற்ற மாவட்டங்களில் நகர் ஊரமைப்பு இயக்ககம். அதற்குப் பிறகு கட்டிட அனுமதிக்காகக் கோப்பு உள்ளாட்சிக்கு வருகிறது. அங்கும் அது அதிகாரிகளின் மேசையில்தான் நகர்கிறது. வட்டத்து மக்களுக்குக் கட்டிடம் கண்ணுக்குத் தெரிந்த பிறகுதான் கோப்பு இருந்ததே தெரிகிறது. ஆகவே நீதிமன்றத்தில் கேள்விக்கு உள்ளாவது பெரும்பாலும் மக்கள் எடுத்த முடிவல்ல. மக்கள் கண்ணில் படாத கோப்பு!

மேலும், நீதிபதி அங்கே உட்கார்ந்து "இந்த மனையில் ஐந்து மாடி அழகா, மூன்று மாடி அழகா?" என்று முடிவு செய்வதில்லை. அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவின்படி ரிட் மனு வரும்போது அவர் பார்ப்பது நாலு விஷயம். சட்டம் இந்த அதிகாரத்தை உமக்குக் கொடுத்திருக்கிறதா? விதித்த முறைப்படி நடந்துகொண்டீரா? கேட்க வேண்டியவரைக் கேட்டீரா? பார்க்க வேண்டியதைப் பார்த்து, காரணம் எழுதி முடிவு செய்தீரா? இவ்வளவுதான். இந்த நாலு கேள்விக்கும் பதில் சொல்ல முடிந்த மன்றம் எந்த நீதிமன்றத்தைக் கண்டும் அஞ்ச வேண்டியதில்லை. பதில் சொல்ல முடியாத மன்றம், "எனக்கு ஓட்டுப் போட்டார்கள்" என்று சொல்லித் தப்பிக்க முடியாது. அவர்கள் ஓட்டுப் போட்டது சட்டத்தைக் காப்பதற்கு, காற்றில் பறக்கவிடுவதற்கல்ல.

வழக்குத் தொடுப்பவர் எல்லோரும் உத்தமர் என்றும் நாம் சொல்ல வரவில்லை. போட்டி வியாபாரியின் கடையை நிறுத்த வழக்குப் போடுகிறவர் உண்டு. "மனுப் போடுவேன்" என்று மிரட்டிப் பணம் கறக்கிறவர் உண்டு. ஏழைகளுக்கு வீடு கட்டினால் தம் பேட்டையின் மதிப்புக் குறைந்துவிடும் என்று தடையாணை தேடி ஓடும் கனவான்களும் உண்டு. நம் கட்சிக்காரர் எவரும் இந்த மூன்று வகையிலும் சேரக்கூடாது என்பதைக் கண்டிப்பாகச் சொல்லி வைக்கிறோம். கட்டிட அனுமதியைக் காட்டி ஒரு ரூபாய் வாங்குகிறவன், அனுமதிக்காக லட்ச ரூபாய் கொடுக்கிறவனைக் கேள்வி கேட்கும் தகுதியை இழந்துவிடுகிறான்.

தள்ளிப்போன தேதிகள்

இனி நம் தமிழ்நாட்டுக் கதைக்கு வருவோம்.

1971-ம் ஆண்டின் நகர் ஊரமைப்புச் சட்டம் நம்மிடம் இருக்கிறது. மீறிக் கட்டினால் நோட்டீசு கொடுக்கலாம், பூட்டி முத்திரை வைக்கலாம், இடிக்கலாம். சட்டத்தில் பல் இல்லாமலில்லை. ஆனால் அந்தப் பல் எவரைக் கடித்தது?

சென்னையில் விதி மீறிய கட்டிடங்கள் பெருகின. அப்போது அரசு என்ன செய்தது? 1998-ல் சட்டத்தில் 113-ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. 1999 பிப்ரவரி 28-ம் தேதிக்குள் கட்டி முடித்தவர்கள் கட்டணம் செலுத்தினால் வரன்முறை செய்யப்படும் என்றது. நுகர்வோர் அமைப்பு ஒன்று இதை எதிர்த்து வழக்காடியது. 2000-ம் ஆண்டு ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒரே ஒரு முறை செய்யும் ஏற்பாடு என்பதால் இதை அனுமதிக்கிறோம் என்றது. இனிமேல் கண்டிப்பாக இருங்கள் என்றது. விதிவிலக்குகள் காரணம் காட்டாமல் வாரி வழங்கப்பட்ட விதத்தைக் கண்டித்தது.

ஒரே ஒரு முறை! அதற்குப் பிறகு என்ன நடந்தது?

2000-ல் தேதி தள்ளிப் போடப்பட்டது. 2001-ல் மறுபடியும். 2002-ல் மறுபடியும். 2006-ல் சென்னை உயர்நீதிமன்றம், இந்த நீட்டிப்புகள் செல்லாது என்று அடித்தது. பூட்டும் முத்திரையும் வரும் என்ற நிலை ஏற்பட்டதும், 2007-ல் நடவடிக்கைகளை நிறுத்தி வைக்க அவசரச் சட்டம் வந்தது. 2012-ல் 113-சி என்று புதிய பிரிவு வந்தது. 2007 ஜூலை 1-க்கு முன் கட்டியவர்களுக்கு இன்னொரு வாசல் திறந்தது.

இந்த ஆண்டுகளுக்கிடையே ஆட்சிகள் மாறின. கோட்டையில் உட்கார்ந்தவர்கள் மாறினார்கள். தேதியைத் தள்ளும் பழக்கம் மட்டும் மாறவில்லை. எவர் ஆட்சி என்று பார்த்து நாம் இதைப் பேசவில்லை. எவர் செய்தாலும் தவறு தவறுதான்.

"கட்டிய கட்டிடங்களை எல்லாம் இடித்தால் வியாபாரம் என்னாவது? வேலை செய்கிறவர்கள் என்னாவார்கள்?" என்று கேட்பார்கள். அந்தக் கடைகளில் வேலை செய்கிறவர்களின் பிழைப்பு நமக்குப் பெரிது. அதனால்தான் கேட்கிறோம்: 2008 செப்டம்பரில் ரங்கநாதன் தெருவில் பல மாடிக் கடையொன்று தீப்பிடித்தபோது உயிரிழந்தவர்கள் யார்? கடை ஊழியர்கள் இருவர். தீயணைப்பு வண்டி சுற்றி வர விட வேண்டிய காலியிடம் என்பது வரைபடத்தில் கிடக்கும் ஒரு கோடு அல்ல. நெருப்பு வரும் நாளில், மேல் மாடியில் நிற்கும் பையனுக்கு அதுதான் உயிர். அந்த இடத்தை விழுங்கியவரிடம் கட்டணம் வாங்கிக்கொண்டு "சரி" என்று எழுதினால், கஜானாவுக்குக் காசு சேரலாம். வண்டிக்கு வழி பிறக்குமா?

இன்னொரு கொடுமையும் உண்டு. விதிப்படி இடம் விட்டு, இரண்டு மாடியோடு நிறுத்திக்கொண்ட நேர்மையானவர் இழந்தது எவ்வளவு! மீறியவரோ ஒவ்வொரு மாதமும் வாடகை வாங்கி, அந்த வாடகையிலேயே கட்டணத்தையும் கட்டிவிடுகிறார். விதியை மதிப்பவன் ஏமாளி என்ற பாடத்தை அரசே நடத்தினால், பிறகு ஊரில் விதி எங்கே நிற்கும்?

பத்து ஆண்டுப் போராட்டம்

நீதிமன்றம் உறுதியாக நிற்கவே நிற்காதா? நிற்கும். ஆனால் எவ்வளவு காலம் கழித்து, என்ன விலைக்கு என்பதையும் பார்க்க வேண்டும்.

டில்லிக்கு அருகே நொய்டாவில் ஒரு குடியிருப்பு. தோட்டம் என்று காட்டி வீடு விற்ற இடத்தில், கட்டிட நிறுவனம் இரண்டு கோபுரங்களை எழுப்பத் தொடங்கியது. வளர்ச்சி ஆணையம் வரைபடத்தைத் திருத்தித் திருத்தி அனுமதி கொடுத்தது. குடியிருப்போர் சங்கம் வரைபடத்தின் நகலைக் கேட்டது. ஆணையமோ, கட்டுகிறவரின் சம்மதத்தைக் கேட்டது! அவர் சம்மதிக்கவில்லை, நகலும் கிடைக்கவில்லை. திருடனிடம் அனுமதி கேட்டுவிட்டுத் திருட்டை விசாரிக்கிற அழகு இது.

2012-ல் சங்கத்தார் அலகாபாத் உயர்நீதிமன்றம் போனார்கள். 2014-ல் இடிக்கும்படி உத்தரவு வந்தது. மேல்முறையீடு. 2021 ஆகஸ்டு 31-ல் உச்சநீதிமன்றம் அதை உறுதி செய்தது. அதிகாரிகளும் நிறுவனமும் கைகோத்துக்கொண்டார்கள் என்று பச்சையாகச் சொன்னது. 2022 ஆகஸ்டு 28-ல், ஏறத்தாழ நூறு மீட்டர் உயரமுள்ள இரு கோபுரங்களும் வெடி வைத்துச் சில நொடிகளில் தரைமட்டமாக்கப்பட்டன.

வெற்றிதான், மறுக்கவில்லை. ஆனால் பத்து ஆண்டு! வசதியுள்ள குடும்பங்கள் சங்கம் சேர்த்துப் போராடியதற்கே பத்து ஆண்டு என்றால், தினக் கூலிக்காரனுக்கு எத்தனை ஆண்டு? மேலும், அந்தக் கோபுரத்தில் கொட்டிய சிமெண்டு, கம்பி, மணல், மனித உழைப்பு எல்லாம் எங்கே போயிற்று? புழுதியாகப் போயிற்று. முதல் வரைபடம் மேசைக்கு வந்த நாளில் ஓர் அதிகாரி "முடியாது" என்று எழுதியிருந்தால், அந்தப் புழுதியே எழும்பியிருக்காது.

நொய்டாவில் கட்டிடம் விழுந்தபோது உள்ளே மனிதர் இல்லை. மவுலிவாக்கத்தில் இருந்தார்கள்.

2014 ஜூன் 28. சனிக்கிழமை மாலை. சென்னையை அடுத்த மவுலிவாக்கத்தில், கட்டிக்கொண்டிருந்த பதினோரு மாடிக் கட்டிடம் இடிந்து விழுந்தது. 61 பேர் மாண்டார்கள். அவர்களில் மிகப் பலர் ஆந்திரத்திலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் நம் தமிழ் மாவட்டங்களிலிருந்தும் பிழைக்க வந்த தொழிலாளர்கள். கொத்தனார்கள், சித்தாட்கள். அந்தக் கட்டிடத்துக்குத் திட்ட அனுமதி இருந்தது. முத்திரை இருந்தது, கையெழுத்து இருந்தது. அந்தக் காகிதம் கூரையைத் தாங்கவில்லை.

பக்கத்தில் நின்ற இரண்டாவது கோபுரத்தை 2016 நவம்பர் 2-ம் தேதி வெடி வைத்துத் தகர்த்தார்கள். வீடு வாங்கப் பணம் கட்டியவர்கள் தவித்தார்கள். ஆனால் அந்த 61 பேர்? எந்த நீதிமன்றத்து எந்த ரிட் மனு அவர்களை எழுப்பித் தரும்?

அனுமதி கொடுப்பது என்பது வெறும் ரப்பர் முத்திரை வேலையல்ல. மண்ணைப் பார்த்தாரா, அஸ்திவாரத்தைப் பார்த்தாரா, தளம் போடும்போது வந்து பார்த்தாரா என்று கேட்க வேண்டிய வேலை. அதைக் கேட்காத அலுவலகம், தொழிலாளியின் உயிரைப் பணயமாக வைத்துக் கையெழுத்துப் போடுகிறது. இதனால்தான் கட்டிட அனுமதி உழைப்பாளியின் பிரச்சினை என்கிறோம். அண்டை வீட்டில் குடியிருப்பவனும் அவனே. சாரத்தின் மேல் நிற்பவனும் அவனே.

கோபுரத்துக்கு ஒரு நீதி, குடிசைக்கு ஒரு நீதியா?

இத்தனை பொறுமையும் நோட்டீசும் மேல்முறையீடும் அவகாசமும் மாடிக்கு உண்டு. குடிசைக்கு? காலையில் இயந்திரம் வருகிறது. மாலையில் இடம் காலி. அடுப்பில் வைத்த பானையை இறக்கவும் நேரம் தருவதில்லை.

1985-ல் பம்பாய் நடைபாதைவாசிகளின் வழக்கில் உச்சநீதிமன்றம் ஒரு பெரிய உண்மையை ஒப்புக்கொண்டது. பிழைப்பைப் பறிப்பது உயிரைப் பறிப்பதற்குச் சமம். உயிர் வாழும் உரிமையில் பிழைக்கும் உரிமையும் அடங்கும் என்றது. அதே சமயம், நடைபாதையில் குடியிருக்க உரிமை உண்டென்று சொல்லவில்லை; முறைப்படி அகற்றலாம் என்றது. மழைக்காலம் முடியும் வரை பொறுத்திருக்கச் சொன்னது. பாதி நியாயம் கிடைத்தது.

2024 நவம்பர் 13-ம் தேதி மற்றொரு தீர்ப்பு வந்தது. வடக்கே சில மாநிலங்களில், குற்றம் சாட்டப்பட்டவரின் வீட்டை இயந்திரம் கொண்டு இடித்துத் தண்டிக்கும் அநியாயம் நடந்தது. அதைக் கண்ட உச்சநீதிமன்றம், 15 நாள் நோட்டீசு இல்லாமல் இடிக்கக்கூடாது. நேரில் விசாரிக்க வேண்டும். காரணம் எழுத வேண்டும். இடிப்பதைப் படம் பிடிக்க வேண்டும். மீறினால் அதிகாரி தன் சொந்தப் பணத்தில் ஈடு செய்ய வேண்டும் என்று கட்டளையிட்டது. மனமார வரவேற்கிறோம்.

ஆனால் அந்தத் தீர்ப்பில் ஒரு விலக்கு இருக்கிறது. சாலை, தெரு, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு முதலிய நீர்நிலை ஆகிய பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு இந்தப் பாதுகாப்புப் பொருந்தாது. சொல்லுங்கள் தோழர்களே, பட்டணத்து ஏழை வேறு எங்கே குடியிருக்கிறான்? கூவத்தின் கரையில், அடையாற்றின் கரையில், ரயில் பாதையின் ஓரத்தில்தானே?

ஆற்றை அடைத்துக் குடியிருப்பது சரி என்று நாம் வாதாடவில்லை. 2015 டிசம்பர் வெள்ளம் அடையாற்றின் கரையில் என்ன செய்தது என்பதை அங்கிருந்தவர்கள் மறக்கமாட்டார்கள். நீர் போகும் வழி நீருக்கு வேண்டும். ஆனால் கரையில் போட்ட குடிசைக்கு ஒரு நாள் கெடு. ஏரியில் எழுந்த மாளிகைக்குப் பல ஆண்டு வாய்தா என்ற கணக்கை மட்டும் ஒப்புக்கொள்ளமாட்டோம். அகற்றத்தான் வேண்டுமென்றால், பிழைப்புக்கு எட்டும் தூரத்தில் வேறு இடம் காட்டிவிட்டு அகற்றுங்கள். நோட்டீசு என்றால் இருவருக்கும் நோட்டீசு. விசாரணை என்றால் இருவருக்கும் விசாரணை. நாம் கேட்பது சலுகை அல்ல, ஒரே அளவுகோல்.

நாம் செய்ய வேண்டியது

குறை சொல்வதோடு நிறுத்திக்கொள்வது நம் வழக்கமல்ல. ஒவ்வொரு வட்டத்துத் தோழர்களும் செய்யத்தக்க சில வேலைகளைச் சொல்கிறோம்.

முதலாவது, காலத்தில் கேட்பது. கட்டிடம் கூரை வரை எழுந்த பிறகு போனால், "இத்தனை நாள் எங்கே இருந்தீர்?" என்று நீதிமன்றமே கேட்கும், தாமதத்தைக் காரணம் காட்டி மனுவைத் தள்ளிவிடவும் கூடும். வேலை நடக்கும் இடத்தில் அனுமதி எண்ணும் மாடிக் கணக்கும் எழுதிய பலகை இருக்கிறதா என்று அஸ்திவாரம் தோண்டும் நாளிலேயே பாருங்கள். இல்லையென்றால் அன்றே எழுத்து மூலமாகக் கேளுங்கள். கொடுத்ததற்கு ரசீது வாங்குங்கள்.

இரண்டாவது, வரைபடத்தைப் பெறுவது. 2005-ம் ஆண்டின் தகவல் பெறும் உரிமைச் சட்டம் இருக்கிறது. பத்து ரூபாய்க் கட்டணத்தில் மனுக் கொடுக்கலாம். 30 நாளில் பதில் தர வேண்டும். அனுமதித்த வரைபடம் கையில் இருந்தால், கண் எதிரே எழும் மாடியை எண்ணிப் பார்க்க வக்கீல் வேண்டியதில்லை.

மூன்றாவது, மன்றத்தில் பேசுவது. ஊராட்சிகளில் ஆண்டுக்கு ஆறு முறை கிராமசபை கூடுகிறது. நகரங்களில் 2022 முதல் பகுதி சபைகள் கூடுகின்றன. அங்கே போய், "இந்த மூன்று மாதத்தில் நம் வட்டத்தில் கொடுத்த அனுமதிகள் எவை? பட்டியலைப் படியுங்கள்" என்று கேளுங்கள். நம் கட்சிக் கவுன்சிலராக இருந்தாலும் கேளுங்கள்! நம்மவர் என்றால் இரண்டு பங்கு உறுதியோடு கேளுங்கள்.

நான்காவது, நம் வீட்டை நாமே ஒழுங்காகக் கட்டுவது. 2024 ஜூலை முதல், 2,500 சதுர அடி வரையுள்ள மனையில் 3,500 சதுர அடி வரை வீடு கட்ட, சுயசான்றின் பேரில் இணையவழியே உடனடி அனுமதி தரும் முறை தமிழ்நாட்டில் வந்திருக்கிறது. சிறு வீடு கட்டுகிறவர் தரகனைத் தேடி அலைய வேண்டிய காரணம் குறைந்துவிட்டது. நாம் ஓர் அடி மீறினால், பத்து மாடி மீறியவன் நம்மைக் காட்டித் தப்பித்துக்கொள்வான்.

ஐந்தாவது, வேறு வழியே இல்லையென்றால் நீதிமன்றம் போவது. பணமில்லை என்று தயங்க வேண்டாம். 1987-ம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், பெண்கள் ஆகியோருக்கு மட்டுமல்ல, தொழிற்சாலைத் தொழிலாளிக்கும் இலவச வக்கீல் பெறும் உரிமையைக் கொடுத்திருக்கிறது. உயர்நீதிமன்றத்திலும் மாவட்டத்திலும் வட்டத்திலும் அதற்கான குழுக்கள் உண்டு. நம் தொழிற்சங்க அலுவலகத்துச் சுவரில் இந்தச் செய்தியை எழுதி வையுங்கள்.

நீதிமன்றத்தின் கதவு திறந்திருக்கிறது, அது நல்லதே. ஆனால் அது கடைசிக் கதவு. உடுப்பித் தீர்ப்பைப் பெற ஒரு குடிமகன் உச்சநீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. நொய்டாக் குடும்பங்கள் பத்து ஆண்டு காத்தன. மவுலிவாக்கத்துத் தொழிலாளர்களுக்குக் காத்திருக்கும் வாய்ப்பும் கிடைக்கவில்லை.

ஆகவே, முதற்கதவில் நில்லுங்கள் என்கிறோம். அனுமதிக் கோப்பு நகரும் இடத்தில், மன்றத்தின் வாசலில், அஸ்திவாரக் குழியின் விளிம்பில் நில்லுங்கள். "எத்தனை மாடி?" என்று கேட்ட தொழிலாளி நாளை மீண்டும் அந்த அலுவலகத்துக்குப் போகட்டும். தனியாக அல்ல; தெருவோடு போகட்டும். "கோர்ட்டுக்குப் போம்" என்று விரட்ட அப்போது எவருக்குத் துணிவு வரும், பார்ப்போம்!